அப்பீஸ்மென்ட்: விட்டுக்கொடுத்தலா, காவு கொடுத்தலா?

இரண்டாம் உலகப்போரைப் பற்றித் தமிழில் எழுத உட்காரும்போதெல்லாம் என்னைத் தடுக்கிவிடும் சொல் 'அப்பீஸ்மென்ட்'. போரைத் தவிர்க்க, மிரட்டும் நாட்டுக்குக் கேட்டதைக் கொடுத்து அடக்கிவைக்கப் பார்க்கும் கொள்கை அது. சமாதானப்படுத்தல், திருப்திப்படுத்தல், விட்டுக்கொடுத்தல், தாஜா செய்தல் என்று ஆளுக்கொன்றாக எழுதுகிறோம்.

இது பழைய பிரெஞ்சிலிருந்து ஆங்கிலத்துக்குப் போன சொல். அடியில் இருப்பது அமைதியைக் குறிக்கும் 'பாக்ஸ்' என்ற இலத்தீன் வேர். பசியை ஆற்றுவது, கோபத்தைத் தணிப்பது, சினந்த தெய்வத்தைக் குளிரவைப்பது எல்லாம் இதில் அடங்கும். 1930களில் பிரிட்டிஷ் தலைவர்கள் இதை நல்ல பொருளில்தான் சொன்னார்கள். 1938இல் ஜெர்மனியின் மியூனிக் நகரில் நடந்த உடன்பாட்டுக்கு அப்புறம்தான் வசைச்சொல்லானது.

1938 செப்டம்பர் 29 அன்று ஹிட்லர், இத்தாலியின் முசோலினி, பிரிட்டிஷ் பிரதமர் சேம்பர்லேன், பிரெஞ்சுப் பிரதமர் தலாதியே நால்வரும் மியூனிக்கில் கூடி, செக்கோஸ்லோவாக்கியாவின் எல்லையோரச் சுடேட்டன் பகுதியை ஜெர்மனிக்குக் கொடுக்க ஒத்துக்கொண்டார்கள். செக் பிரதிநிதிகள் இருவர் அதே ஊரில் ஓட்டல் அறையில் காத்துக் கிடந்தார்கள். கூட்டத்துக்குள் அவர்களுக்கு இடமில்லை. நள்ளிரவு தாண்டிக் கூப்பிட்டு, முடிவைக் கையில் கொடுத்தார்கள். சேம்பர்லேன் ஓயாமல் கொட்டாவி விட்டுக்கொண்டிருந்தார் என்று அந்த இருவரில் ஒருவரான ஹூபர்ட் மசாரிக் எழுதிவைத்திருக்கிறார். படிக்கும்போதெல்லாம் எனக்கு வயிறு எரியும். 'எங்களைப் பற்றி, எங்களை விட்டுவிட்டு' என்று செக் மக்கள் இன்றும் அதைச் சொல்கிறார்கள்.

சுடேட்டனோடு எல்லைக் கோட்டைகளும் போயின. 1939 மார்ச் 15 அன்று ஜெர்மன் படை தலைநகர் பிராகாவுக்குள் நுழைந்தது. மிச்சமிருந்த இறையாண்மையும் முடிந்தது. செக் தொழிற்சாலைகளில் செய்த டாங்கிகளை ஓட்டிக்கொண்டுதான் 1940இல் ஹிட்லரின் படைப்பிரிவுகள் சில பிரான்சுக்குள் புகுந்தன.

சரி, தமிழில் எப்படிச் சொல்வது? 'விட்டுக்கொடுத்தல்' நமக்கு நல்ல குணம். 'கொஞ்சம் விட்டுக்கொடுத்துப் போப்பா' என்று பெரியவர்கள் சொல்வது, நமக்கு உரியதை நாமே விடுவதைத்தான். சேம்பர்லேன் கொடுத்ததோ அடுத்தவர் மண். கடைத்தேங்காயை எடுத்து வழிப்பிள்ளையாருக்கு உடைத்த கதை. 'தாஜா'வில் முகஸ்துதி இருக்கிறது, இழப்பு இல்லை.

பொதுவான கலைச்சொல்லாக 'தணிவிப்புக் கொள்கை' போதும், வேரோடும் ஒட்டும். மியூனிக்கைப் பற்றி எழுதும்போது மட்டும் நான் 'காவு கொடுத்தல்' என்றே எழுதுவேன். உக்கிரமான தெய்வத்தைத் தணிக்க ஓர் உயிரைக் கொடுப்பதற்கு நம் ஊர்களில் வழங்கும் சொல் அது. அந்த உயிரிடம் யாரும் சம்மதம் கேட்பதில்லை.