சிவப்புக் கோடு ஒட்டினால் ஜிடிஐ ஆகிவிடாது

சென்ற மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில், இடப்பக்கம் முழுவதும் நசுங்கிய வெள்ளை ஃபோக்ஸ்வேகன் போலோ கார் ஒன்றை இழுவை வண்டி தருமபுரியில் உள்ள என் பட்டறை வாசலில் இறக்கிவிட்டுப் போனது. தொப்பூர்க் கணவாயில் சேலம் நோக்கி இறங்கும்போது, இரட்டைப் பாலத்துக்குச் சற்று முன்னால் பிரேக் மிதி தரையோடு அமுங்கிப்போக, ஓட்டிவந்த இளைஞர் வேறு வழியின்றி வண்டியை ஓரத் தடுப்பில் உரசி நிறுத்தியிருக்கிறார். உயிருக்கு ஒன்றும் ஆகவில்லை. பாலக்கோட்டில் தக்காளி மண்டி நடத்தும் அவருடைய தந்தை, “பிரேக் இல்லாத வண்டிய வித்திருக்கானுங்க, கம்பெனி மேல கேஸ் போடலாங்களா?” என்று என்னிடம் கேட்டார். மகன் தலையைக் குனிந்தபடி, “ரீமேப் மட்டுந்தாண்ணா பண்ணேன், பிரேக்ல கையே வைக்கலை” என்றார்.

இன்ஜினைக் கட்டுப்படுத்தும் மென்பொருளை மாற்றித் திறனைக் கூட்டுவதைத்தான் ரீமேப் என்கிறார்கள். பிரேக்கில் அவர் கை வைக்கவில்லை என்பது உண்மைதான். என் வருத்தமும் அதைப் பற்றியதுதான். இதே கதையோடு இந்த ஆண்டில் என்னிடம் வந்த மூன்றாவது வண்டி இது. முதல் இரண்டு முறையும் உரிமையாளரிடம் மட்டும் பேசிவிட்டுச் சும்மா இருந்தேன். இனியும் அப்படி இருப்பது சரியாகப் படவில்லை.

அந்தப் போலோவின் முன்கிரில்லில் சிவப்புக் கோடு ஓடியது. பின்கதவில் ‘ஜிடிஐ’ என்ற மூன்று எழுத்துகள் ஒட்டியிருந்தன. அந்த எழுத்துகளுக்கு உரிய, ஃபோக்ஸ்வேகனின் கோல்ஃப் ஜிடிஐ என்ற விரைவு வண்டி ஐம்பது ஆண்டுகளாக எட்டுத் தலைமுறைகளைக் கடந்து வந்திருக்கிறது. அதன் வரலாற்றை நம் இளைஞர்கள் குதிரைத்திறன் பட்டியலாக மட்டுமே மனப்பாடம் செய்து வைத்திருக்கிறார்கள். சக்கரத்தோடு சுழலும் தட்டான பிரேக் டிஸ்க்கின் விட்டத்தை வைத்து அதே வரலாற்றை ஒருமுறை படித்துப் பார்க்கும்படி அவர்களைக் கேட்டுக்கொள்கிறேன்.

1973-ஆம் ஆண்டு, ஃபோக்ஸ்வேகனின் சோதனைப் பொறியாளர் அல்ஃபோன்ஸ் லோவன்பெர்க் உட்பட ஒரு சிறு குழுவினர், நிறுவனம் கேட்காமலேயே, வேலை நேரத்துக்கு அப்பால் ஒரு விரைவு வண்டியை உருவாக்க முனைந்தார்கள். அதே நிறுவனத்தின் ஸிரோக்கோ கார் ஒன்றைப் பிரித்து அவர்கள் செய்த முதல் மாதிரி, தரையோடு தாழ்ந்தும், கல்போல் விறைத்தும், காது கிழிய இரைச்சலிட்டும் ஓடியது. அதாவது, இன்று கல்லூரி வாசல்களில் நாம் காணும் மாற்றியமைத்த வண்டிகளைப் போலவே இருந்தது. அந்தக் குழு அதை அப்படியே விட்டுவிடாமல், விறைப்பையும் இரைச்சலையும் குறைத்து, தினமும் ஓட்டத் தகுந்ததாக மாற்றிய பிறகே காரியம் முன்னேறியது. 1975-இல் ஃபிராங்ஃபர்ட் கண்காட்சியில் வைக்கப்பட்டு, 1976-இல் விற்பனைக்கு வந்த முதல் கோல்ஃப் ஜிடிஐ 1.6 லிட்டர் இன்ஜினிலிருந்து 110 குதிரைத்திறனைத் தந்தது. வண்டியின் எடை 800 கிலோவைச் சற்றே தாண்டும். வேகம் 182 கிலோமீட்டர் வரை செல்லும். 5,000 வண்டிகள் விற்றாலே போதும் என்று கணக்கிட்டுத் தொடங்கிய அந்த முதல் தலைமுறை, 4,60,000-க்கும் மேல் விற்றது.

இதுவரை எல்லோருக்கும் தெரியும். அந்த 110 குதிரைத்திறனோடு கூடவே வந்தவை எவை என்று கேட்டால்தான் அமைதியாகிவிடுகிறார்கள். முன்சக்கரங்களுக்குக் காற்றோட்டமுள்ள 239 மில்லிமீட்டர் டிஸ்க் வந்தது. அகலமான ரிம்மும் 175 அளவு டயரும் வந்தன. வளைவில் சாய்வைக் குறைக்கும் கம்பிகள் வந்தன. இன்ஜின் ஆயிலைக் குளிர்விக்கத் தனிக் கூலர் வந்தது. இத்தனைக்குப் பிறகும், வலப்பக்க ஸ்டீயரிங் உள்ள நாடுகளுக்குப் போன முதல் தலைமுறை வண்டிகளில் பிரேக் மந்தம் என்ற குறை எழுந்தது. மிதியின் அழுத்தத்தைப் பிரேக் திரவத்துக்குக் கடத்தும் மாஸ்டர் சிலிண்டரை இடப்பக்கத்திலேயே விட்டுவிட்டு, மிதியிலிருந்து ஒரு குறுக்குக் கம்பியின் வழியாக அதை இயக்கியதே காரணம். தயாரித்தவர்களையே பிரேக் இப்படிச் சோதித்திருக்கிறது என்பதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

1984-இல் வந்த இரண்டாம் தலைமுறையில் நான்கு சக்கரங்களுக்கும் டிஸ்க் வந்துவிட்டது. 139 குதிரைத்திறன் தரும் 16 வால்வு இன்ஜின் அதற்குப் பிறகே வந்தது. இந்த வரிசையைக் கவனியுங்கள்: முதலில் நிறுத்தும் ஆற்றலைக் கூட்டினார்கள், அடுத்துத்தான் ஓடும் ஆற்றலைக் கூட்டினார்கள். மூன்றாம், நான்காம் தலைமுறைகளைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை. 1990-களின் அந்த வண்டிகள் கனத்தன, மெத்தனமாயின. நான்காம் தலைமுறையின் டர்போ இன்ஜின் முதல் ஜிடிஐயைவிட 40 குதிரைத்திறன் கூடுதலாக, 150 தந்தும், அதை ஆசையோடு நினைவுகூர்பவர்கள் குறைவு. குதிரைத்திறன்தான் எல்லாம் என்பவர்கள் இதற்கு என்ன விடை வைத்திருக்கிறார்கள் என்று தெரியவில்லை.

பழைய பெயரை மீட்டது 2004-இல் வந்த ஐந்தாம் தலைமுறை. 2 லிட்டர் டர்போ, 200 குதிரைத்திறன், விரும்பினால் தானாக மாறும் இரட்டைக் கிளட்ச் டிஎஸ்ஜி கியர் என்று விளம்பரம் பேசியது. பட்டறைக்காரன் பார்வையில் அந்த வண்டியின் பெருமை பின்பக்கத்தின் அடியில் இருந்தது. ஒற்றை உத்தரமாக இருந்த பின்அச்சை எடுத்துவிட்டு, ஒவ்வொரு சக்கரமும் தனித்தனியாக அசையும் பல கை அமைப்பைப் பொருத்தியிருந்தார்கள். முன் டிஸ்க் 312 மில்லிமீட்டராக வளர்ந்திருந்தது. ஆறாம் தலைமுறை அதிலிருந்து பெரிதும் விலகவில்லை.

2013-இல் வந்த ஏழாம் தலைமுறையைப் பற்றிச் சற்று நிதானமாகச் சொல்ல விரும்புகிறேன். அதைச் சாதாரண வகையாகவும், பெர்ஃபார்மன்ஸ் வகையாகவும் விற்றார்கள். முதலாவது 220 குதிரைத்திறன், இரண்டாவது 230. இடையில் இருப்பது பத்தே குதிரைத்திறன். அந்தப் பத்துக்காக முன் டிஸ்க்கை 340 மில்லிமீட்டராகப் பெரிதாக்கினார்கள், பின் டிஸ்க்கையும் பெரிதாக்கினார்கள், வளைவில் உள்பக்கச் சக்கரம் வீணாகச் சுழலாமலிருக்க முன்அச்சில் புதிய பூட்டு டிஃபரன்ஷியலையும் வைத்தார்கள். நம் ஊரில் மடிக்கணினியோடு வருபவர் அரை மணி நேரத்தில் இருபத்தைந்து குதிரைத்திறனை ஏற்றிவிட்டுப் போகிறார். டிஸ்க், அதை இறுகப் பிடிக்கும் பேட், டயர் எதுவும் மாறுவதில்லை, பிரேக் ஆயிலின் மூடியைக்கூட யாரும் திறந்து பார்ப்பதில்லை.

“கம்பெனிக்காரன் இன்ஜினைப் பூட்டி வச்சிருக்கான், ரீமேப் பண்ணா திறந்துடும்” என்ற வசனத்தைக் கேட்டுக் கேட்டு எனக்கு அலுத்துவிட்டது. ஒரே இன்ஜின் ஒரு வண்டியில் குறைவாகவும் இன்னொன்றில் கூடுதலாகவும் திறன் தருவதைப் பார்த்து இந்த முடிவுக்கு வருகிறார்கள். கூடுதல் திறன் தரும் வண்டியில் பல இடங்களில் டர்போ வேறு, குளிர்விக்கும் அமைப்பு வேறு, கிளட்ச் வேறு, பிரேக் வேறு என்பதை அவர்கள் பார்ப்பதில்லை. அது போகட்டும், எல்லா உறுப்பும் ஒன்றே என்று வைத்துக்கொள்வோம். அப்போதும் நிறுவனம் விட்டுவைக்கும் இடைவெளி பூட்டு அல்ல. சித்திரை வெயிலில், ஐந்து பேரும் சுமையும் ஏறிய நிலையில், பராமரிப்பே காணாத பத்து வயது வண்டியும் மேடேற வேண்டும், இறங்கும்போது நிற்க வேண்டும் என்பதற்காக வைத்த கையிருப்பு. அந்தக் கையிருப்பை எடுத்துச் செலவழிப்பவர், அது எதற்காக வைக்கப்பட்டது என்று ஒருமுறையாவது கேட்டிருக்க வேண்டும்.

எதிர்க்கேள்வியும் எனக்குத் தெரியும். கணவாயில் இறங்கும்போது ஆக்சிலரேட்டரையே யாரும் மிதிப்பதில்லையே, கூடுதல் குதிரைத்திறன் அங்கே என்ன செய்யும் என்பார்கள். மிதிக்கிறார்கள் என்பதே என் அனுபவம். இரண்டு வளைவுகளுக்கு இடையில் கிடைக்கும் நேர்ச்சாலையில், முன்பு 80-இல் போன வண்டி இப்போது 110-ஐத் தொடுகிறது. வேகம் ஒன்றரை மடங்கைக்கூட எட்டாததாகத் தோன்றும். பிரேக் விழுங்க வேண்டிய ஆற்றலோ ஏறக்குறைய இரு மடங்கு. ஒரு வளைவுக்கு அதைத் தாங்கிய பிரேக், ஆறுவதற்கு நேரமில்லாமல் அடுத்த வளைவிலும் அதற்கடுத்த வளைவிலும் தாங்க வேண்டும். அந்தப் போலோவின் முன் டிஸ்க்குகள் நீலம் பாரித்திருந்தன. பேட்கள் கண்ணாடிபோல் பளபளத்தன. பிரேக் ஆயில் டிகிரி காபி நிறத்தில் இருந்தது. வாங்கிய நாளிலிருந்து அதை மாற்றியதாகச் சர்வீஸ் புத்தகத்தில் எந்தப் பதிவும் இல்லை.

பிரேக் ஆயில் என்று வழக்கமாகச் சொன்னாலும் அது ஆயில் அல்ல என்பதை இங்கே சொல்லிவிடுகிறேன், ஏனெனில் குறைந்துவிட்டதே என்று இன்ஜின் ஆயிலை ஊற்றி, ரப்பர் எல்லாம் ஊதிப்போய் வந்த வண்டியையும் பார்த்திருக்கிறேன். அது காற்றிலுள்ள ஈரத்தை உறிஞ்சும் திரவம். டாட் 4 என்ற தரவகையைச் சேர்ந்த புதிய திரவம் குறைந்தது 230 டிகிரி வரை கொதிக்கக் கூடாது என்பது தரம். ஈரம் ஏறிய பிறகு அதே தர அளவு 155 டிகிரியாகச் சரிந்துவிடும். கொதித்தால் குழாயில் ஆவி நிற்கும், மிதி தரையைத் தொடும். அந்த இளைஞருக்கு நடந்தது இதுதான், இதில் வழக்குத் தொடுக்க ஒன்றுமில்லை.

இந்தியாவில் 2013-இல் வந்த போலோ ஜிடி டிஎஸ்ஐ 105 குதிரைத்திறனுக்கு ஏற்ற நல்ல வண்டி. முன்னால் டிஸ்க், பின்னால் டிரம். 2016-இல் இங்கே வந்த உண்மையான போலோ ஜிடிஐ 192 குதிரைத்திறன் கொண்டது. நான்கு சக்கரத்துக்கும் டிஸ்க், விலை ஏறக்குறைய 26 லட்சம், நாட்டுக்கே 99 வண்டிகள். எட்டாம் தலைமுறைக் கோல்ஃப் ஜிடிஐ 2025-இல் 265 குதிரைத்திறனோடு 53 லட்ச ரூபாய்க்கு வந்தது. சாதாரணப் போலோவுக்கும் இவற்றுக்கும் இடையில் உள்ள லட்சக்கணக்கான ரூபாயை, முப்பதாயிரம் ரூபாய் மென்பொருள் ஈடுசெய்துவிடும் என்று நம்புவது பேராசை என்றுதான் சொல்வேன். ஸ்விஃப்ட் வைத்திருப்பவர்களுக்கும் இது பொருந்தும். ஸ்விஃப்ட் ஸ்போர்ட் என்ற வண்டியை இந்தியாவில் விற்றதே இல்லை. அதன் பம்பரைப் பொருத்தியவுடன் அதன் பின் டிஸ்க்குகளும் வந்து சேர்ந்துவிடுவதில்லை. 2019 ஏப்ரலுக்கு முந்தைய, ஏபிஎஸ் (பிரேக் பிடிக்கும்போது சக்கரம் பூட்டிக்கொள்ளாமல் காக்கும் அமைப்பு) இல்லாத அடிப்படை வகைகள் நம் மாவட்டத்துச் சந்தையில் இன்னும் கைமாறிக்கொண்டிருக்கின்றன, வாங்கும்முன் கேட்டுவிடுங்கள்.

ஸ்பிரிங்கை வெட்டாதீர்கள். ஏழாம் தலைமுறை ஜிடிஐயைச் சாதாரணக் கோல்ஃபைவிட 15 மில்லிமீட்டர்தான் தாழ்த்தினார்கள். அதற்கும் தனி ஸ்பிரிங், தனி ஷாக் வைத்தார்கள். கிரைண்டரால் ஒன்றரைச் சுற்று வெட்டிய ஸ்பிரிங், பள்ளத்தில் சக்கரம் தொங்கும்போது இருக்கையை விட்டே நழுவும். மோட்டார் வாகனச் சட்டத்தின் 52-ஆம் பிரிவு, தயாரிப்பாளரின் விவரங்களுக்கு மாறாக வண்டியை மாற்றுவதைத் தடுக்கிறது. 182ஏ பிரிவின்படி ஒவ்வொரு மாற்றத்துக்கும் 5,000 ரூபாய் அபராதமோ, ஆறு மாதம் வரை சிறையோ, இரண்டுமோ விதிக்கலாம். காப்பீட்டு நிறுவனத்திடம் சொல்லாமல் செய்த மாற்றம், இழப்பீடு கேட்கும்போதுதான் வெளியே வரும். அந்தத் தந்தை என் பட்டறையிலேயே நின்று அதைத் தொலைபேசியில் தெரிந்துகொண்டார்.

தொப்பூரில் இறங்கும்போது, பென்னாகரத்திலிருந்து ஒகேனக்கல்லுக்கு இறங்கும்போதும்தான், ஏறுவதற்கு எந்தக் கியர் தேவைப்படுமோ அதே கியரில் இறங்குங்கள். நியூட்ரலில் இறங்குவது லாரிக்காரர்கள் மட்டும் செய்யும் தவறு என்று எண்ண வேண்டாம். டிஎஸ்ஜி வண்டிக்காரர்கள் ‘டி’யில் விட்டுவிட்டு இறங்கினால் அது எரிபொருளை மிச்சப்படுத்த உயர்கியரில் மிதக்கும், ‘எஸ்’ஸுக்கு மாற்றுங்கள், அல்லது கையால் கியரைக் குறையுங்கள். பிரேக்கை விடாமல் தேய்த்துக்கொண்டே போகாமல், அழுத்திப் பிடித்து வேகத்தைக் குறைத்துவிட்டு, ஆறவிடுங்கள். மிதி இளகினால் பலமுறை வேகமாக மிதியுங்கள், கியரை ஒவ்வொன்றாகக் குறையுங்கள், கைப்பிரேக்கைப் பொத்தானை அழுத்திப் பிடித்தபடி மெல்ல மெல்ல இழுங்கள். பிரேக் ஆயிலை இரண்டு ஆண்டுக்கு ஒருமுறை மாற்றுங்கள். ஏற்கெனவே ரீமேப் செய்துவிட்டவர்கள், தயவுசெய்து, பழைய மென்பொருளைத் திரும்ப ஏற்றிக்கொள்ளுங்கள். மனம் வரவில்லையென்றால், நல்ல பேட், நல்ல திரவம், சரியான டயர் ஆகியவற்றுக்கு அதே அளவு பணத்தையாவது ஒதுக்குங்கள்.

பிரேக் ஆயிலில் எவ்வளவு ஈரம் ஏறியிருக்கிறது என்பதைப் பேனா அளவுள்ள ஒரு மீட்டர் சில நொடிகளில் காட்டிவிடும். என் பட்டறையில் அதற்குக் கட்டணம் இல்லை. மூடியைத் திறந்து பார்க்கச் சொல்லி எந்த மெக்கானிக்கிடம் வேண்டுமானாலும் கேளுங்கள், என்னிடமே வர வேண்டும் என்பதில்லை. கணவாயில் இறங்குவதற்கு முந்தைய நாளே கேட்டுவிடுங்கள்.