‘அரைப்பேர்’ என்னும் தோட்டச் சொல்

இலங்கை மலையகத் தேயிலைத் தோட்டமொன்றில் அந்தி நிறுவை முடிந்து, தொழிலாளரின் வரிசை வீடுகளான லயத்துக்குத் திரும்பும் பெண்ணொருவரிடம் “இன்னைக்கு எப்படி?” என்று கேட்டால், “அரைப்பேர்தான்” என்று பதில் வரக்கூடும். தமிழ் பேசும் எவருக்கும் ‘அரை’ தெரியும், ‘பேர்’ தெரியும். ஆயினும் இரண்டும் சேர்ந்த இந்தச் சொல் தோட்டத்துக்கு வெளியே உள்ளவர்களுக்கு விளங்குவதில்லை. கொழும்பில் என்னோடு வேலை செய்த யாழ்ப்பாணத்து நண்பர் ஒருவர், என் அம்மா தொலைபேசியில் “இந்த மாசம் பதினெட்டுப் பேர்தான், தம்பி” என்று சொன்னதைக் கேட்டு, வீட்டில் ஏதோ விசேஷம், அதற்குப் பதினெட்டு விருந்தாளிகளே வந்திருக்கிறார்கள் என்று எண்ணிக்கொண்டார். அம்மா சொன்னதோ, அந்த மாதம் தமக்குப் பதினெட்டு நாள் சம்பளம் மட்டுமே சேர்ந்திருக்கிறது என்பதை.

தோட்டத்துப் பேச்சில் ‘பேர்’ என்பது ஒரு நாள் வேலைக்குரிய சம்பளம். அந்த நாளுக்கென்று நிர்வாகம் விதித்த அளவை முடித்தவருக்கு முழுப்பேர்; அளவு குறைந்துவிட்டால் அரைப்பேர்; ஞாயிற்றுக்கிழமை போன்ற நாட்களில் ஒன்றரை மடங்கு சம்பளத்துக்கு வேலை கொடுத்தால் அது ஒன்றரைப் பேர். கணக்கப்பிள்ளை பேர் போடுவார். ஏதேனும் குற்றம் கண்டால் பேரை வெட்டிவிடுவார். தொழிலாளி மாத முடிவில் தம் பேர்களை எண்ணிப் பார்ப்பார். நிர்வாகத்தினரின் ஆங்கிலப் பேச்சிலும் அரைச் சம்பளம் ‘ஹாஃப் நேம்’ என்றே வழங்கியது.

ஒருவருடைய பெயர் எப்படி அவருடைய கூலியாயிற்று என்பதற்கு விடை, தோட்ட அலுவலகத்து மேசைமேல் இருக்கும் ‘செக்ரோல்’ என்ற பெரிய பதிவேட்டில் இருக்கிறது. அதன் இடப்பக்கத்தில் தொழிலாளர் பெயர்கள் மேலிருந்து கீழாக இருக்கும்; வலப்பக்கம் மாதத்தின் நாட்கள் கட்டம் கட்டமாக ஓடும். விடியற்காலையில் தப்பு முழங்கியதும் தொழிலாளர் பெரட்டுக்களத்தில் கூடுவார்கள். படைவீரர் அணிவகுப்பைக் குறிக்கும் ‘பரேட்’ என்ற ஆங்கிலச் சொல்லே ‘பெரட்டு’ ஆனது. அங்கே வேலை பிரித்துக் கொடுக்கப்படும். மாலையில் வேலை அளந்து பார்க்கப்பட்டு, அவரவர் பெயருக்கு நேரே உள்ள அன்றைய கட்டத்தில் குறி விழும். பெயருக்கு நேரே குறி விழுவதே ‘பேர் போடுதல்’. நாளடைவில் அந்தக் குறியும் ‘பேர்’ என்றே வழங்கலாயிற்று. குறிக்கு உரிய பணத்துக்கும் அதுவே பெயராயிற்று.

இந்தக் கணக்கில் வேறொருவருக்கும் பங்கு இருந்தது. தொழிலாளரைக் கூட்டமாகத் திரட்டி வந்து மேற்பார்த்த கங்காணிகளின் முறை நடந்த காலத்தில், தம் கூட்டத்திலிருந்து ஒரு நாளில் எத்தனை பேர் வேலைக்கு இறங்கினார்களோ அத்தனை பேருக்கும் தலைக்குச் சில சதம் கங்காணிக்குக் கிடைத்தது. அதற்குப் ‘பென்ஸ் காசு’ என்று பெயர். ஆகவே பதிவேட்டில் விழும் ஒவ்வொரு பேரும் தொழிலாளிக்கு மட்டுமன்றிக் கங்காணிக்கும் காசாக இருந்தது.

தமிழ்நாட்டு வயற்காடுகளில் உழைப்பை அளக்கும் அலகு ‘ஆள்’. “இந்த வயலுக்கு நாற்று நட எட்டு ஆள் பிடிக்கும்” என்பார்கள். அங்கே வேலை கொடுப்பவர் வரப்பில் நிற்கிறார், வேலை செய்பவரை நேரில் பார்க்கிறார். எண்ணுவதற்கு உடம்பே போதும். மலையகத்துக்கு வந்தவர்களும் அதே வயற்காட்டு ஊர்களிலிருந்து, ‘ஆள்’ என்ற அந்த அலகை நன்றாக அறிந்தே வந்தவர்கள். ஆனால் ஒரு மலையில் நூற்றுக்கணக்கானோர் கொழுந்து பறிக்க, சம்பளத்தைத் தீர்மானிக்கும் தோட்ட நிர்வாகியான துரை, பங்களாவுக்கும் அலுவலகத்துக்கும் இடையே இருந்தார். அவர் கண்ணுக்கு வந்து சேர்ந்தது ஆள் அன்று, ஏட்டிலிருந்த பெயர். ‘ஆள்’ இருந்த இடத்தில் ‘பேர்’ வந்து அமர்ந்ததற்கு இதுவே காரணம் என்பது என் கருத்து. ‘கூலி’ என்ற சொல்லை இதனோடு வைத்துப் பார்க்கலாம். தமிழில் வேலைக்குரிய ஊதியத்தைக் குறிக்கும் அச்சொல், குடியேற்ற ஆட்சியாளர் வாயில் வேலை செய்யும் மனிதரைக் குறிப்பதாயிற்று. ‘பேர்’ அதற்கு எதிர்த்திசையில் நடந்து, மனிதரைக் குறித்த சொல்லாக இருந்து ஊதியத்தைக் குறிக்கும் சொல்லாயிற்று.

‘பேர்’ என்பது ‘பெயர்’ என்ற பழஞ்சொல்லின் குறுக்கம். கன்னடத்தில் ‘ஹெசரு’, தெலுங்கில் ‘பேரு’, மலையாளத்தில் ‘பேர்’ என்று உறவு மொழிகளிலெல்லாம் இது வாழ்கிறது. சொற்களைப் பெயர், வினை என்று முதலில் இரண்டாகப் பகுக்கும் தொல்காப்பியத்தின் இலக்கணச் சொல்லும் இதுவே. தோட்டத்தில் அந்தப் பகுப்பு கலைந்துபோகிறது. வினை முடிந்தால்தான் அங்கே பெயர் உண்டு.

இயல்பான தமிழில் ‘பேர்’ ஏற்கெனவே பல பொருள்களைச் சுமக்கும் சொல். ஒருவரை அழைக்கும் பெயர், நற்புகழ், மனிதரை எண்ணும் எண்ணலகு ஆகிய மூன்றும் அதற்குள் இருக்கின்றன. நான்காவதாகக் கூலியும் சேர்ந்துவிட்டதால், தோட்டத்துப் பேச்சில் சிலேடை தானாகவே விளைகிறது. “பாதிப் பேருக்கு அரைப்பேர்” என்று லயத்தில் சொல்லக் கேட்டிருக்கிறேன். முதல் ‘பேர்’ ஆட்கள், இரண்டாம் ‘பேர்’ சம்பளம். வேலைக்குப் போனவர்களில் பாதிப் பேர் அளவை எட்டவில்லை என்பது செய்தி. இங்கே ‘பாதி’யையும் ‘அரை’யையும் இடம் மாற்ற முடியாது. ‘பாதிப் பேர்’ என்றால் எப்போதும் மனிதர்கள், ‘அரைப்பேர்’ என்றால் எப்போதும் காசு. ‘ஒன்றரைப் பேர்’ என்பதும் அப்படியே. மனிதரை ஒன்றரையாக எண்ண வழியில்லை என்பதால், அதைக் கேட்ட உடனேயே இது சம்பளக் கணக்கு என்று தெரிந்துவிடும்.

இவற்றையெல்லாம்விட ஆழமான சிலேடை ‘பேருக்கு வேலை’ என்பதில் இருக்கிறது. “பேருக்கு வேலை செய்யாதே” என்று பிற தமிழர் சொன்னால், ஒப்புக்குச் செய்யாதே, மனம் வைத்துச் செய் என்று பொருள். தோட்டத்தில் ‘பேருக்கு வேலை’ என்பது நாட்சம்பளத்துக்குச் செய்யும் வேலை. கிலோவுக்கு இவ்வளவு என்று பேசிச் செய்யும் கைக்காசு வேலையிலிருந்தும், கவ்வாத்து வெட்டுவது, கான் (வடிகால்) வெட்டுவது போன்றவற்றை மொத்தமாக எடுத்துச் செய்யும் கொந்தரப்பு வேலையிலிருந்தும் வேறுபடுத்தவே அவ்வாறு சொல்கிறார்கள். வெளியே சோம்பலைக் குறிக்கும் தொடர், இங்கே ஒரு நாளின் முழு உழைப்பைக் குறிக்கிறது. ‘பேர் கெட்டுப்போச்சு’ என்பதற்கும் இரண்டு பக்கம் உண்டு. மழையால் கொழுந்து குறைந்து முழுப்பேர் கைவிட்டுப் போனாலும் அதையே சொல்லலாம். வீட்டில் பாத்திரங்களைப் பாதி கழுவிவிட்டு எழுந்த எங்களைப் பார்த்து, “என்ன, அரைப்பேரா?” என்று அம்மாயி கேட்பதுண்டு.

அரைப்பேர் எப்படி விழுகிறது என்பதை ஒருமுறையேனும் அருகில் நின்று பார்க்க வேண்டும். தராசுக் கொக்கியில் கொழுந்துச் சாக்கு ஏறுகிறது. முள் ஆடி நிற்பதற்குள் சாக்குக்கும் இலையிலுள்ள தண்ணீருக்கும் என்று ஓரிரு கிலோ கழிக்கப்பட்டு எண் உரக்கச் சொல்லப்படுகிறது. காலையில் ஒன்று, பகலில் ஒன்று, அந்தியில் ஒன்று என்ற நிறுவைகளின் கூட்டுத்தொகை, தோட்டம் விதித்த பதினெட்டுக் கிலோவோ இருபது கிலோவோ அந்த எல்லையை எட்டாவிட்டால், இடுப்பில் கட்டிய ஈரப் படங்குத் துணியோடு நிற்கும் அந்தப் பெண்ணின் நாள் பாதியாகிறது. எல்லை தோட்டத்துக்குத் தோட்டம், பருவத்துக்குப் பருவம் மாறும். வளர்ச்சி நின்ற தளிரான ‘வங்கி’ மிகுந்து கொழுந்து வராத வறட்சி மாதத்தில், எவ்வளவு விரைவாகக் கை ஓடினாலும் செடி கொடுப்பது அவ்வளவுதான்.

இந்த இடத்தில்தான் சரியான தமிழ் எது என்ற கேள்வி முக்கியமாகிறது. செய்தித்தாள்களில் அரைப்பேரை ‘அரைநாள் பெயர்’ என்றும் ‘அரைநாள் வேலை’ என்றும் எழுதுகிறார்கள். முதலாவது தோட்டத்துக்கு வெளியே விளங்காது. இரண்டாவது விளங்கும், ஆனால் தவறாக விளங்கும். அரைநாள் வேலை என்றால் நண்பகலில் வீட்டுக்குப் போய்விட்டவரின் வேலை. அரைப்பேர் வாங்கியவரோ காலை முதல் அந்திவரை மலையிலேயே நின்றவர். பாதியானது சம்பளம், நாள் பாதியாகவில்லை. எனவே ‘பேர்’ என்பதற்கு ‘நாட்சம்பளம்’ என்றும், ‘முழுப்பேர்’ என்பதற்கு ‘முழு நாட்சம்பளம்’ என்றும், ‘அரைப்பேர்’ என்பதற்கு ‘அரைச் சம்பளம்’ என்றும் எழுதுவதே பொருந்தும். ‘அரைநாட் சம்பளம்’ என்று எழுதுவதாயின், ‘முழுநாள் வேலைக்கு’ என்ற அடையைச் சேர்க்காமல் விடக்கூடாது. செக்ரோலுக்கு ‘வரவு இடாப்பு’ என்பது நம் நாட்டு அலுவல் தமிழில் பழகிய சொல்லே.

ஒரு பேரின் பெறுமதியும் எல்லாருக்கும் ஒன்றாக இருந்ததில்லை. 1927ஆம் ஆண்டின் குறைந்தபட்சச் சம்பளச் சட்டத்தைத் தொடர்ந்து 1929இல் வகுக்கப்பட்ட விகிதத்தின்படி, உயர்மலைத் தோட்டங்களில் ஆணின் நாட்சம்பளம் 54 சதம், பெண்ணுடையது 43 சதம், சிறுவருடையது 32 சதம். ஒரே இடாப்பில், ஒரே வகையான குறிக்கு நேரே, மூன்று விலைகள் இருந்தன. ஆண் பெண் நாட்சம்பளம் சமமானது 1984இல்தான். அதற்குப் பிறகும் ஆண்கள் ஒப்படைத்த வேலையை முடித்துவிட்டு பிற்பகலிலேயே முழுப்பேரோடு திரும்ப, பெண்கள் அந்தி நிறுவை வரை நிற்கும் வழக்கம் தொடர்கிறது. 2016ஆம் ஆண்டுக் கூட்டு ஒப்பந்தம் நாளொன்றுக்கு 730 ரூபா என்று பேசப்பட்டது. அதில் அடிப்படைச் சம்பளம் 500 ரூபா. 60 ரூபா வரவுக் கொடுப்பனவு. 140 ரூபா உற்பத்திக் கொடுப்பனவு. 30 ரூபா விலைப்பங்குக் கொடுப்பனவு. வேலை வழங்கப்பட்ட நாட்களில் நான்கில் மூன்று பங்குக்காவது வராதவருக்கு அந்த 60 ரூபா கிடைக்கவில்லை. ஆகவே பேரை எண்ணுவது எங்கள் வீடுகளில் ஓய்வுநேரப் பேச்சாக இருந்ததே இல்லை.

எங்கள் வீட்டறையான காம்பராவின் சுவரில் தொங்கிய நாட்காட்டியில் அம்மா ஒவ்வோர் அந்தியிலும் பென்சிலால் கோடிடுவார். முழுப்பேருக்கு நெடுங்கோடு, அரைப்பேருக்குக் கட்டத்தின் நடுவிலேயே நின்றுவிடும் குறுங்கோடு. சம்பள நாளன்று சம்பளச் சீட்டை நாட்காட்டிக்கு அருகில் பிடித்து விரலால் எண்ணுவார். ஒரு மாதம் அவருடைய கணக்கில் மூன்று குறுங்கோடுகளும் சீட்டில் ஐந்து அரைப்பேர்களும் இருந்தன. தொழிற்சங்கத்தின் தோட்டத் தலைவரிடம் கொடுப்பதற்காக ஒரு கடிதம் எழுதித் தரும்படி என்னிடம் கேட்டார். நான் அப்போது பத்தாம் வகுப்பு. படித்த தமிழில் எழுத வேண்டும் என்ற நினைப்பில், “நான் ஐந்து நாட்கள் அரைநாள் வேலை செய்ததாகப் பதியப்பட்டுள்ளது” என்று தொடங்கி வாசித்துக் காட்டினேன். அம்மா இடைமறித்தார்.

“நான் எங்கடா அரைநாள் வேலை செஞ்சேன்? அஞ்சு நாளும் அந்திக்கொழுந்து நிறுத்துட்டுத்தானே வந்தேன். அதை எழுது.”

அந்த வரியை அடித்துவிட்டு, “ஐந்து நாட்களும் முழுநாள் வேலை செய்தேன், மூன்று நாட்களுக்குக் கொழுந்து குறைந்ததென்று அரைச் சம்பளம் போட்டார்கள், மற்ற இரண்டு நாட்களுக்கும் முழுச் சம்பளம் வர வேண்டும்” என்று மாற்றி எழுதினேன். அம்மா அதை இரண்டு முறை வாசிக்கச் சொல்லிக் கேட்டார். பிறகு கையெழுத்துப் போடும் இடத்தில் தம் பெயரை எழுத்துக் கூட்டி, முழுதாக எழுதினார்.