கமாண்டோ என்ற சொல்லும் அதற்குத் தமிழும்

இரண்டாம் உலகப் போர் பற்றிய ஒரு மொழிபெயர்ப்பைத் திருத்திக் கொடுக்கும் வேலை சில ஆண்டுகளுக்கு முன் எனக்கு வந்தது. அதில் இப்படி ஒரு வரி இருந்தது: "1941 டிசம்பர் 27 அன்று மூன்றாம் எண் கமாண்டோ நார்வேயின் வாக்ஸோ தீவில் கரையிறங்கினார்." படித்தால் ஏதோ ஒற்றை ஆள் படகில் போய் இறங்கியது போல இருக்கிறது. ஆனால் அந்த 'மூன்றாம் எண் கமாண்டோ' பல நூறு பேர் கொண்ட ஒரு படைப்பிரிவு. மொழிபெயர்த்தவரைக் குறை சொல்ல எனக்கு மனம் வரவில்லை. தமிழில் கமாண்டோ என்றால் ஆள்தானே? கறுப்பு உடை, முகமூடி, கையில் துப்பாக்கி என்று ஒரு உருவம் நம் எல்லோர் மனதிலும் பதிந்திருக்கிறது. ஆனால் இந்தச் சொல் படையைக் குறித்துத்தான் பிறந்தது. ஆளைக் குறிக்க வந்தது ரொம்பப் பிந்தி.

தமிழ்நாட்டில் கமாண்டோ என்று எழுதுகிறோம், இலங்கையில் கொமாண்டோ. இரண்டு எழுத்துமுறையும் ஒரே சொல்தான். எதிரி எதிர்பாராத இடத்தில் புகுந்து குறிப்பிட்ட ஒரு காரியத்தை முடித்துவிட்டுத் திரும்ப, தனியாகத் தேர்ந்தெடுத்துப் பயிற்றப்பட்ட சிறு படை என்பது முதல் பொருள். அந்தப் படையைச் சேர்ந்தவர் என்பது இரண்டாம் பொருள்.

வேரைத் தேடிப் போனால் லத்தீனுக்குப் போகவேண்டும். 'மானுஸ்' என்றால் கை, 'தாரே' என்றால் கொடுப்பது. இரண்டும் சேர்ந்து 'மாந்தாரே' ஆயிற்று. கையில் கொடுப்பது, அதாவது ஒப்படைப்பது. இலங்கைத் தமிழில் இன்றும் புழங்கும் 'கையளித்தல்' என்ற சொல் இதற்கு அச்சு அசலாகப் பொருந்துகிறது. (தாரே, தா என்று ஒலி ஒத்திருக்கிறதே என்று உடனே உறவு கொண்டாட வேண்டாம். ஒலி ஒற்றுமை மட்டும் வேர்ச்சான்று ஆகாது.) கமாண்டர், கமாண்ட் எல்லாம் இதே கொடியில் காய்த்தவை. அதிகாரத்தைக் கையளித்தல், அந்த அதிகாரத்தின் கீழ் போகும் கூட்டம் என்று பொருள் நகர்ந்து, போர்ச்சுகீசியம், டச்சு வழியாகத் தென்னாப்பிரிக்காவின் கேப் பகுதிக்குச் சொல் போய்ச் சேர்ந்தது.

அங்கே அதன் முதல் வாழ்க்கை அழகானதல்ல. 18ஆம் நூற்றாண்டில் டச்சுக் குடியேறிகள் குதிரையேறிக் கூட்டமாகப் போய், அந்த மண்ணின் பழங்குடிகளான சான் மக்களை வேட்டையாடினார்கள். அந்தக் கூட்டங்களுக்குப் பெயர் கமாண்டோ. சொல்லின் வரலாற்றை எழுதுகிறவர்கள் இந்தப் பக்கத்தை மறைக்கக் கூடாது.

பிறகு அந்தக் குடியேறிகளின் வழிவந்த போயர்கள் தங்கள் குடியரசுகளில் இதையே ஊர்ப்படை முறையாக ஆக்கினார்கள். ஒவ்வொரு மாவட்டத்துக்கும் ஒரு கமாண்டோ. 16 முதல் 60 வயது வரை ஆண்கள் எல்லோரும் அதில் அடக்கம். குதிரையும் துப்பாக்கியும் அவரவர் கொண்டுவர வேண்டும், சில நாளுக்கான சாப்பாடும்தான். சீருடை கிடையாது. தலைவரை அவர்களே ஓட்டுப் போட்டுத் தேர்ந்தெடுத்தார்கள். 1899 முதல் 1902 வரை நடந்த போரில், தங்களைவிடப் பல மடங்கு பெரிய பிரிட்டிஷ் படையை இந்தக் குதிரைக்காரர்கள் திணறடித்தார்கள். நிலத்தை நன்றாக அறிந்தவர்கள், அடித்துவிட்டு மறைந்துவிடுவார்கள். செய்தியாளராகப் போயிருந்த இளம் வின்ஸ்டன் சர்ச்சில், 1899 நவம்பரில் ஒரு கவச ரயில் தாக்கப்பட்டபோது அவர்களிடம்தான் சிறைபட்டார்.

நாற்பது ஆண்டுகள் கழித்து, 1940 ஜூனில், பிரான்சின் டன்கிர்க் கடற்கரையிலிருந்து பிரிட்டிஷ் படை தப்பி வந்த கையோடு, அதே சர்ச்சில் பிரதமர். ஜெர்மனியின் பிடியிலிருந்த கரையோரங்களில் திடீர்த் தாக்குதல் நடத்தச் சிறு படைகள் வேண்டும் என்று யோசனை எழுந்தது. திட்டத்தை எழுதியவர் டட்லி கிளார்க் என்ற அதிகாரி. அவர் பிறந்த ஊர் ஜோகன்னஸ்பர்க். பெயர் என்ன வைப்பது என்றபோது அவர் நினைவுக்கு வந்தது போயர்களின் கமாண்டோ. எதிரியிடமிருந்து கற்ற பாடத்துக்கு எதிரியின் பெயரையே வைத்தார்கள். ராணுவத்தில் சிலருக்கு இந்தப் பெயர் பிடிக்கவில்லை. 'ஸ்பெஷல் சர்வீஸ்' என்ற பெயரும் கொஞ்ச காலம் ஓடியது. ஆனால் அதன் முதலெழுத்துகள் எஸ்.எஸ். ஆகிவிட்டன. ஹிட்லரின் கொலைப்படையின் பெயரும் அதுதான் என்பதால் வீரர்களே அதை வெறுத்தார்கள்.

இந்தப் படைகளின் அமைப்பை கொஞ்சம் நெருங்கிப் பார்க்க வேண்டும். வழக்கமான காலாட்படைப் பட்டாளத்தில் அப்போது சுமார் 800 பேர் இருப்பார்கள். சமையல், வண்டி, கிடங்கு என்று பெரிய பரிவாரமும் உண்டு. கமாண்டோவில் முதலில் ஐம்பது பேர் கொண்ட பத்துக் குழுக்கள் வைத்தார்கள். அது சரிப்படவில்லை. 1941இல் 65 பேர் கொண்ட ஆறு குழுக்களாக மாற்றினார்கள். ஏன் 65? கரையிறங்கும் படகு ஒன்றில் சுமார் 35 பேர் ஏறலாம். ஒரு குழுவுக்கு இரண்டு படகு என்றால் கணக்கு சரியாக வந்துவிடும். தையல்காரர் உடம்பை அளந்து சட்டை தைப்பது போல, படகை அளந்து படையைத் தைத்திருக்கிறார்கள்.

இன்னொன்று எனக்கு அதைவிட முக்கியமாகப் படுகிறது. இவர்களுக்குப் படைவீடு கிடையாது. சாதாரண வீரருக்கு நாளொன்றுக்கு 6 ஷில்லிங் 8 பென்ஸ் படிக்காசு கொடுத்து, தங்க இடமும் சாப்பாடும் நீயே பார்த்துக்கொள் என்று விட்டுவிட்டார்கள். ஊருக்குள் யாராவது ஒரு குடும்பத்தில் வாடகைக்கு இருந்துகொண்டு, காலையில் சொன்ன நேரத்துக்குச் சொன்ன இடத்தில் வந்து நிற்க வேண்டும். நேரம் தவறினால், தகுதியில்லை என்று பழைய பட்டாளத்துக்கே திருப்பி அனுப்பிவிடுவார்கள். அதைவிடப் பெரிய அவமானம் அங்கே இல்லை. யாரும் மேய்க்காமலே வேலையை முடிக்கிற ஆளை உருவாக்குவதற்கான வழி அது. 'கையளித்தல்' என்ற வேர்ப்பொருள் இங்கே கண்ணெதிரே நிற்கிறது.

போர்க்காலத்தில் 'கமாண்டோக்காரர்' என்று நீட்டிச் சொல்லாமல் ஆளையே 'கமாண்டோ' என்று சொல்லும் வழக்கம் பரவிவிட்டது. 1946இல் பிரிட்டிஷ் தரைப்படை தன் கமாண்டோக்களைக் கலைத்தது. கடற்படையைச் சேர்ந்த மரீன்கள் அந்தப் பெயரை இன்றுவரை வைத்திருக்கிறார்கள். அமெரிக்காவின் ரேஞ்சர் பட்டாளம் 1942இல் தொடங்கியபோது, ஸ்காட்லாந்தின் அக்னகாரி என்ற இடத்தில் இருந்த கமாண்டோ பள்ளியில்தான் பயிற்சி பெற்றது.

சரி, இந்தியாவுக்கு வருவோம். 1965 போரின்போது மேஜர் மேக் சிங் என்பவர் தாமாக முன்வந்தவர்களைச் சேர்த்து 'மேக்தூத்' என்ற சிறு படையை அமைத்து, எல்லைக்கு அப்பால் போய்வந்தார். அதன் பலனாக 1966 ஜூலை 1 அன்று 9ஆவது பாரா கமாண்டோ பட்டாளம் பிறந்தது. ('பாரா' என்பது பாராசூட்டின் சுருக்கம்.) அடுத்த ஆண்டே அதிலிருந்து 10ஆவது பட்டாளம் பிரிந்தது. 9க்கு மலை, 10க்குப் பாலைவனம். 1990களில் பெயரிலிருந்து 'கமாண்டோ' போய் 'சிறப்புப் படை' வந்தது, எஸ்.எஃப். என்று வீரர்கள் சுருக்கமாகச் சொல்வது அதைத்தான். வெளியே நாம் இன்னும் பாரா கமாண்டோ என்றுதான் சொல்லிக்கொண்டிருக்கிறோம்.

இந்தப் பட்டாளங்களில் கம்பெனி என்ற சொல்லுக்குப் பதில் 'டீம்' என்பார்கள். டீம் சிறு குழுக்களாகவும், அவை விரல்விட்டு எண்ணும் அளவு ஆட்களாகவும் பிரியும். ஒருவர் வெடிமருந்து தெரிந்தவர், ஒருவர் வானொலி, ஒருவர் மருத்துவம். ஒருவர் விழுந்தால் மற்றவர் அவர் வேலையைக் கொஞ்சமாவது செய்யத் தெரிந்திருக்க வேண்டும். பட்டாளத்திலேயே வைத்து மாதக்கணக்கில் சோதித்து, தாங்குகிறவர்களை மட்டும் எடுப்பார்கள். தேறியவர் மார்பில் சிறகு முளைத்த குத்துவாள் சின்னம் ஏறும். அதில் 'பலிதான்' என்று தேவநாகரியில் எழுதியிருக்கும். உயிர்க்கொடை என்று பொருள்.

1971 டிசம்பர் 13 இரவு 9ஆவது பட்டாளம் செய்த காரியத்தைப் பாருங்கள். பூஞ்ச் பகுதியில் மண்டோல் என்ற ஊரில் பாகிஸ்தானின் ஆறு பீரங்கிகள் இந்திய நிலைகளைத் தொல்லை செய்துகொண்டிருந்தன. கமாண்டோக்கள் டிசம்பர் குளிரில் பூஞ்ச் ஆற்றைக் கடந்து, இருட்டில் ஊரை நெருங்கி, குழு குழுவாகப் பிரிந்து பீரங்கிகளுக்குப் போய், வெடி வைத்துத் தகர்த்தார்கள். உயிரிழப்பும் காயமும் அவர்கள் பக்கமும் இருந்தது. ஆனால் கணக்கிட்டுப் பாருங்கள்: மணிக்கணக்கில் நடை, மூச்சு விடவும் யோசிக்கிற அமைதி; சத்தம் என்பது கடைசிச் சில நிமிடங்கள்தான்.

அந்த அமைதி கைவிட்டுப் போனால் என்ன ஆகும் என்பதற்கு ஒரு துயரமான சான்று யாழ்ப்பாணத்தில் இருக்கிறது. 1987 அக்டோபர் 11 நள்ளிரவைத் தாண்டி, 10ஆவது பாரா கமாண்டோ வீரர்களையும் 13ஆவது சீக்கிய இலகு காலாட்படையின் ஒரு பிரிவையும் ஹெலிகாப்டர்கள் யாழ் பல்கலைக்கழக வளாகத்தில் இறக்கின. புலிகள் தயாராகக் காத்திருந்தார்கள். சீக்கியப் பிரிவின் 30 பேரில் 29 பேர் இறந்தார்கள், ஒருவர் சிறைபட்டார். கமாண்டோக்கள் பக்கத்துக் குடியிருப்புகளுக்குள் முடங்கி, அவர்களை மீட்க டாங்கிகள் ரயில் பாதை வழியாக வரவேண்டியிருந்தது. அந்த நாட்களில் கொக்குவில் பகுதிப் பொதுமக்களும் உயிரிழந்தார்கள். எவ்வளவு தேர்ந்த படையானாலும், எதிரி முன்பே அறிந்துவிட்டால் அது வெறும் சிறு படைதான்.

இதனால்தான் 'அதிரடிப்படை' என்ற சொல் எனக்கு உறுத்துகிறது. அதிர அடிப்பது அதிரடி. அந்தச் சொல் கடைசி ஐந்து நிமிடத்தை மட்டும் பிடித்துக்கொண்டு மற்ற எல்லாவற்றையும் விட்டுவிடுகிறது. மேலும் அது ஏற்கெனவே வேறொருவருக்குச் சொந்தமாகிவிட்டது. தமிழ்நாட்டில் அதிரடிப்படை என்றதும் வீரப்பனைத் தேடிக் காட்டில் அலைந்த போலீஸ் படைதான் நினைவுக்கு வரும். இலங்கையில் 'விசேட அதிரடிப்படை' என்பதும் போலீஸ்தான். ராணுவப் பட்டாளத்துக்கு இதே பெயரை வைத்தால் படிக்கிறவர் குழம்பாமல் என்ன செய்வார்? அதேபோல 'கறுப்புப் பூனை' என்பது 1984இல் அமைந்த தேசியப் பாதுகாப்புப் படைக்கு மட்டும் உரிய பட்டப்பெயர். அதில் ராணுவத்தினர் உண்டு என்றாலும், அது உள்துறை அமைச்சகத்தின் கீழ் உள்ள படை.

'சிறப்புப் படை' பிழையில்லாத சொல். எஸ்.எஃப். என்பதற்கு அதையே வைத்துக்கொள்ளலாம். இலங்கை எழுத்துகளில் வரும் 'படையணி' இன்னும் திருத்தமானது. அணி என்ற சொல் அமைப்பையும் ஒழுங்கையும் சேர்த்துக் காட்டுகிறது. பட்டாலியனுக்குப் புதிய சொல் தேடவே வேண்டாம். அதுவே நம் வாயில் எப்போதோ 'பட்டாளம்' ஆகிவிட்டது.

கமாண்டோவுக்கு என்ன வைப்பது? தஞ்சைப் பெரிய கோயில் கல்வெட்டுகளில் சோழர் படைகளின் பெயர்கள் வரிசையாக வருகின்றன. 'பண்டிதசோழத் தெரிந்த வில்லிகள்' என்று ஒன்று. தெரிந்த வில்லிகள் என்றால் அறிமுகமான வில்லாளர்கள் இல்லை. தெரிந்தெடுத்த, பொறுக்கியெடுத்த வில்லாளர்கள். 'தெரிவு செய்தல்' என்று இன்றும் சொல்கிறோமே, அதே தெரிதல்தான். எலீட் என்று ஆங்கிலக்காரர் சொல்வதற்கு ஆயிரம் ஆண்டுக்கு முன்பே கல்லில் வெட்டிய தமிழ் இது. 'தெரிபடை' என்று சுருக்கினால் வாயில் சுலபமாக வருகிறது.

ஆளுக்கு நான் முன்வைக்கும் சொல் 'முனைஞர்'. தொல்காப்பியம் வெட்சித் திணையைச் சொல்லும்போது "வேந்துவிடு முனைஞர் வேற்றுப்புலக் களவின்" என்று தொடங்குகிறது. வேந்தன் விடுத்த முனைஞர், பகைவர் நிலத்தில், களவாக. அங்கே அவர்கள் கவர்ந்து வருவது ஆநிரையைத்தான். பீரங்கியைத் தகர்க்கப் போகவில்லை. உரைகாரர் நச்சினார்க்கினியர் முனைஞர் என்பதற்கு முனைப்புலம் காத்திருந்த படைத்தலைவர் என்று பொருள் கொள்கிறார் என்பதையும் மறைக்காமல் சொல்லிவிடுகிறேன். ஆனாலும் விடுத்தல், வேற்றுப்புலம், களவு என்று கமாண்டோவுக்கு வேண்டிய மூன்றும் அந்த ஒரே வரியில் இருக்கின்றன. 'விடு' என்பது லத்தீன் வேரின் கையளித்தலுக்கு எவ்வளவு பக்கத்தில் வருகிறது என்று பாருங்கள்.

செய்தித்தாளில் நாளைக்கே கமாண்டோவை எடுத்துவிட்டு முனைஞர் போட முடியாது, தெரியும். கமாண்டோ என்று எழுதுவதும் குற்றமில்லை. அப்படி எழுதும்போது படையைச் சொல்கிறோமா ஆளைச் சொல்கிறோமா என்பதை வினைமுற்றிலாவது காட்டிவிட வேண்டும். மூன்றாம் எண் கமாண்டோ கரையிறங்கியது. மூன்று கமாண்டோக்கள் கரையிறங்கினார்கள். முனைஞர் என்று எழுதத் துணிகிறவர்களுக்கு ஒரு வசதி: ஆண், பெண் இருபாலுக்கும் அது பொருந்தும்; பலர் என்றால் முனைஞர்கள், அவர்கள் சேர்ந்த படை முனைஞர் அணி. தொழில்முனைவோரோடும் முனைவர் பட்டத்தோடும் குழம்பாதா என்று ஒரு நண்பர் கேட்டார். ஒரு பத்தியில் இரண்டு முறை வந்துவிட்டால் குழம்பாது என்பது என் அனுபவம்.