நிலக்கீழ்ப் படுக்கையறைக்குத் தப்பிக்கும் யன்னல்: கனடாவின் விதி

கனடாவுக்கு வந்திறங்கும் நம்மவர்களில் பலருக்கு முதல் இருப்பிடம் யாரோ ஒருவரின் பேஸ்மென்ட்தான். அங்கே பெரும்பாலும் ஒரே படிக்கட்டு இருக்கும். நள்ளிரவில் தீப்பிடித்து அந்தப் படிக்கட்டைப் புகை மூடிவிட்டால், உறக்கத்திலிருந்து எழுபவருக்கு எஞ்சும் வழி யன்னல் மட்டுமே. ஆகவேதான், தானியங்கி நீர்த்தெளிப்பான்கள் இல்லாத வீட்டில், ஒவ்வொரு படுக்கையறைக்கும் நேரே வெளியே செல்லக்கூடிய யன்னலோ கதவோ இருக்க வேண்டும் என்று தேசியக் கட்டட விதிக்கோவை கூறுகிறது.

யன்னலின் திறப்பு 0.35 சதுர மீற்றருக்குக் குறையக்கூடாது. அதன் அகலமோ உயரமோ 380 மில்லிமீற்றருக்குக் குறையக்கூடாது. இரண்டு நிபந்தனைகளும் ஒருசேர நிறைவேற வேண்டும் என்பதைப் பலர் கவனிப்பதில்லை. 380க்கு 380 என்ற திறப்பின் பரப்பு 0.14 சதுர மீற்றர்தான். அகலம் 380 என்றால் உயரம் 922 மில்லிமீற்றராவது வேண்டும். அளக்க வேண்டியதும் கண்ணாடியை அல்ல, முழுவதும் திறந்தபின் கிடைக்கும் வெற்றிடத்தை. 1200 மில்லிமீற்றர் அகலமும் 500 உயரமும் உள்ள நகர்த்தும் யன்னல் பார்வைக்குப் பெரிதாகத் தோன்றினாலும், பாதிதான் திறக்கும் என்பதால் 0.30 சதுர மீற்றரைத் தாண்டாது.

சாவியோ கருவியோ தனிப் பயிற்சியோ இன்றி உள்ளிருந்து திறக்க முடிய வேண்டும். திறந்த யன்னல் முட்டுக் கொடுக்காமலே திறந்தபடி நிற்க வேண்டும். திருட்டுக்கு அஞ்சிக் கம்பி போட்டுப் பூட்டிய யன்னல், தீ வேளையில் வெறும் சுவர்தான்.

நிலமட்டத்துக்குக் கீழே உள்ள யன்னல், வெளியே அதற்கென வெட்டிய குழிக்குள் திறப்பதாயின், யன்னலுக்கு முன்னால் 760 மில்லிமீற்றர் இடைவெளி தேவை. வெளிப்புறம் தள்ளித் திறக்கும் யன்னல் கதவு அந்த வழியை மறிக்கக்கூடாது. குழிக்கு மூடி இருந்தால் அதையும் உள்ளிருந்தே திறக்க முடிய வேண்டும். குளிர்காலத்தில் வாசலில் பனி அள்ளும்போது இந்தக் குழியையும் மறவாமல் அள்ளிவிடுங்கள். யன்னலின் அடிவிளிம்பு தரையிலிருந்து 1.5 மீற்றருக்கு மேல் இருந்தால், ஏறி வெளியேற வசதியாக, நிலையாகப் பொருத்திய தளபாடம் ஒன்றை அதன் கீழே அமைப்பது நல்லது என்பது விதிக்கோவையின் விளக்கக் குறிப்பு.

தேசியக் கோவை மாகாணங்களுக்கான ஒரு முன்மாதிரியே. அல்பேர்ட்டா அதனைத் தன் பதிப்பாக ஏற்றிருக்கிறது. ஒன்ராறியோவுக்குத் தனிக் கோவை உண்டு. பழைய வீடுகளுக்குத் தீப் பாதுகாப்பு விதிகளும் பொருந்தும். எனவே அத்திவாரச் சுவரை வெட்டி யன்னலைப் பெரிதாக்குமுன் நகரசபையிடம் கட்டட அனுமதி பெறுவது அவசியம். வாடகைக்கு இருப்பவர்கள் முதலில் வீட்டு உரிமையாளரிடம் கேட்கலாம். பலன் இல்லையெனில் ரொறன்ரோவிலும் கல்கரியிலும் 311 என்ற எண்ணை அழைத்து நகரசபையிடம் முறையிடலாம்.