சுத்தம் அதிகமானாலும் சிக்கல்தான்

கலிஃபோர்னியாவின் ஆரஞ்சு கவுண்டியில், கழிப்பறையிலும் குளியலறையிலும் ஊற்றிய தண்ணீர் மறுபடி குடிநீராகக் குழாய்க்கு வருகிறது. நடுவில் சில மாதங்களாவது மண்ணுக்கடியில் இருந்துவிட்டு வரும், அவ்வளவுதான். இதைச் செய்யும் சுத்திகரிப்பு நிலையம் ஃபவுண்டன் வேலி நகரில் 2008-இல் தொடங்கியது. 2015-லும் 2023-லும் விரிவாக்கிய பிறகு, ஒரு நாளில் 13 கோடி கேலன், அதாவது ஏறத்தாழ 49 கோடி லிட்டர் தயாரிக்க முடிகிறது. இந்த வகையில் உலகிலேயே பெரியது இதுதான்.

குப்பை, மண், கரைந்த கரிமப் பொருள் எல்லாம் வழக்கமான கழிவுநீர்ச் சுத்திகரிப்பிலேயே பெரும்பாலும் நீங்கிவிடும். பாதி வேலையை பாக்டீரியாக்களே தின்று முடித்துவிடும். பல கடலோர ஊர்கள் இந்தக் கட்டத்தில் தண்ணீரைக் கடலில் விட்டுவிடுகின்றன. இங்கே கதை அதற்குப் பிறகுதான் ஆரம்பம்.

முதலில் நூல் போன்ற உள்ளீடற்ற இழைகள். அவற்றின் சுவரில் உள்ள துளைகள் 0.2 மைக்ரான் அளவு (மைக்ரான் என்பது மில்லிமீட்டரில் ஆயிரத்தில் ஒரு பங்கு). மிதக்கும் துகளும் பாக்டீரியாவும் வெளியே நின்றுவிடும். உப்பும் மருந்துகளும் தாராளமாக உள்ளே போய்விடும். அவற்றைப் பிடிக்கத்தான் ஆர்.ஓ. நம் வீட்டுச் சுவரில் தொங்கும் அதே தொழில்நுட்பம். சவ்வு வழியாக நல்ல தண்ணீர் உப்பு மிகுந்த பக்கத்துக்குப் போவதுதான் இயற்கை. பம்ப் அழுத்தம் கொடுத்து அதை எதிர்த்திசையில் தள்ளுகிறார்கள். கழிவுநீரில் உள்ள உப்பு கடல்நீரில் இருப்பதில் ஒரு சிறு பங்குதான் என்பதால் அழுத்தமும் குறைவாகப் போதும். கடல்நீரைக் குடிநீராக்கும் செலவைப் பார்த்தவர்களுக்கு இதன் அருமை புரியும்: மின்சாரம் அதில் மூன்றில் ஒரு பங்கு அளவே ஆகிறது.

ஆர்.ஓ.வையும் ஏமாற்றும் பொருள்கள் உண்டு. என்.டி.எம்.ஏ. என்ற மூலக்கூறு மிகச் சிறியது, மின்சுமையும் இல்லாதது. தண்ணீரோடு சேர்ந்து நழுவிவிடும். புற்றுநோய் ஆபத்து உள்ள பொருள் வேறு. அதனால் கடைசியாக ஹைட்ரஜன் பெராக்சைடு சேர்த்து, கடுமையான புற ஊதா ஒளியில் தண்ணீரை ஓடவிடுகிறார்கள். என்.டி.எம்.ஏ.வை ஒளியே உடைத்துவிடும். பெராக்சைடிலிருந்து பிறக்கும் ஹைட்ராக்சில் அணுத்தொகுதிகள் மிச்சமுள்ள கரிமப் பொருள்களைச் சிதைக்கும்.

சரி, சுத்தமாகிவிட்டது. எனக்குப் பிடித்த பகுதி இனிமேல்தான். தாது உப்புகள் இல்லாத தண்ணீர் சும்மா இருக்காது. குழாயின் சிமென்ட் பூச்சைக் கரைக்கும், உலோகத்தை அரிக்கும். ஆகவே இவ்வளவு பாடுபட்டு எல்லாவற்றையும் எடுத்த பிறகு சுண்ணாம்பைத் திரும்பச் சேர்க்கிறார்கள்! மண்ணுக்கடியிலும் இதே தொல்லை. 2015-இல் வெளியான ஸ்டான்ஃபோர்டு பல்கலைக்கழக ஆய்வு ஒன்று, இந்தத் தண்ணீர் இறங்கும் இடத்தருகே களிமண்ணில் ஒட்டிக் கிடந்த ஆர்சனிக் விடுபட்டு நிலத்தடி நீரில் கலந்ததை விளக்கியது. ஆர்சனிக் கழிவுநீரிலிருந்து வரவில்லை. காலங்காலமாக மண்ணிலேயே இருந்தது. அதைக் களிமண்ணோடு பிடித்துவைப்பதில் கால்சியத்துக்கும் மக்னீசியத்துக்கும் பங்கு உண்டு. அவை குறைந்த தண்ணீர் பட்டதும் பிடி தளர்ந்துவிட்டது. கால்சியத்தைக் கொஞ்சம் கூட்டினால் சிக்கல் குறையும் என்பதையும் அதே ஆய்வு காட்டியது.

தயாரான தண்ணீரின் ஒரு பகுதி கடலோரக் கிணறுகள் வழியாக நிலத்தில் செலுத்தப்பட்டு, கடல்நீர் உள்ளே புகாமல் தடுக்கிறது. மீஞ்சூர்ப் பக்கம் கிணறுகள் உப்பானதை அறிந்தவர்களுக்கு இதன் தேவையைச் சொல்ல வேண்டியதில்லை. மீதி, சுமார் 21 கிலோமீட்டர் தள்ளி ஆனாஹைமில் உள்ள குளங்களுக்குப் போய் மெல்ல இறங்குகிறது.

இப்படி மண்ணில் விட்டு எடுப்பதில் சேமிப்பு வசதி உண்டு. மக்களின் அருவருப்பும் தணிகிறது. ஆனால் அதே நிலத்தடி நீருக்கு ஊட்டம் தரும் சாண்டா ஆனா ஆற்றில் கோடையில் ஓடுவதே பெரும்பாலும் மேற்கே வரும் வழியிலுள்ள ஊர்கள் சுத்திகரித்து விட்ட கழிவுநீர்தான். அதற்கு ஆர்.ஓ. எதுவும் கிடையாது. 2023 டிசம்பரில் கலிஃபோர்னியா, இப்படிச் சுத்திகரித்த தண்ணீரை மண்ணில் விடாமல் நேரடியாகவே குடிநீர் விநியோகத்தில் சேர்க்க வழிசெய்யும் விதிகளுக்கு ஒப்புதல் தந்தது. நமீபியாவின் விண்ட்ஹூக் நகரம் இந்தத் தயக்கத்தை 1968-லேயே தாண்டிவிட்டது.