டேலி: வெட்டிய குச்சியில் பிறந்த சொல்

கடை அடைக்கும் நேரம். கல்லாவில் உள்ள பணத்துக்கும் பில் கணக்குக்கும் நூறு ரூபாய் இடிக்கிறது. "டேலி ஆகலையே" என்று மறுபடி எண்ணத் தொடங்குவார்கள். ஒத்துப்போவதை ஏன் 'டேலி' என்கிறோம்?

லத்தீனில் 'டாலியா' என்றால் வெட்டிய குச்சி. நடுவதற்காக ஒடிக்கிறோமே முருங்கைப் போத்து, அதற்கும் அதே பெயர்தான். கணக்குக்காகக் கீறல் போட்ட குச்சி, ஆங்கிலத்தில் 'டேலி' ஆனது. துணியை வெட்டுகிற 'டெய்லரும்' இந்தச் சொல்லுக்கு உறவு.

இங்கிலாந்து அரசு கருவூலத்தில் 12ஆம் நூற்றாண்டிலிருந்து இந்தக் குச்சிதான் ரசீது. ஆயிரம் பவுண்டுக்கு உள்ளங்கை அகலத்துக்கு ஒரு வெட்டு. நூறுக்குக் கட்டைவிரல் அகலம், இருபதுக்குச் சுண்டுவிரல், ஒரு பவுண்டுக்குப் பருத்த வாற்கோதுமை மணி அளவு. வெட்டி முடித்ததும் குச்சியை நெடுக்காகப் பிளந்து ஆளுக்குப் பாதி வைத்துக்கொள்வார்கள். பின்னாளில் இரண்டையும் சேர்த்துப் பார்க்கும்போது வெட்டுகள் நேருக்கு நேர் பொருந்த வேண்டும். ஒரு பக்கம் மட்டும் கூடுதலாகக் கீறியிருந்தால் திருட்டு உடனே தெரிந்துவிடும். நம் கல்லாவில் 'டேலி ஆவது' அந்தப் பொருத்தம்தான். வழக்கொழிந்த இந்தக் குச்சிகளை 1834 அக்டோபர் 16 அன்று அடுப்பில் போட்டு எரித்தபோது, தீ பரவி நாடாளுமன்றக் கட்டடமே எரிந்துபோனது.

சொல்லுக்கு வயது குறைவு, செயலுக்கு வயது மிக அதிகம். தென்னாப்பிரிக்காவின் லெபோம்போ மலைக் குகையில் கிடைத்த ஒரு பபூன் குரங்கின் எலும்பில் 29 கீறல்கள் இருக்கின்றன. வயது 40,000 ஆண்டுகளுக்கு மேல். நிலவின் நாட்களை எண்ணியது என்று பலர் சொல்வார்கள். ஆனால் எலும்பின் ஒரு முனை உடைந்திருக்கிறது. முழுக் கணக்கு 29தானா என்று யார் சொல்ல முடியும்?

1950இல் பெல்ஜிய நிலவியலாளர் ஜான் டி ஹைன்ஸலின், காங்கோவில் எட்வர்ட் ஏரிக்கரையில் உள்ள இஷாங்கோவில் எடுத்த எலும்பு இன்னும் சுவையானது. நீளம் சுமார் 10 சென்டிமீட்டர், முனையில் ஒரு குவார்ட்ஸ் சில்லு, வயது ஏறக்குறைய 20,000 ஆண்டுகள். மூன்று வரிசைக் கீறல்கள். ஒன்றில் 11, 13, 17, 19. இன்னொன்றில் 11, 21, 19, 9. இரண்டின் கூட்டுத்தொகையும் 60. மூன்றாவதில் 3க்குப் பக்கத்தில் 6, 4க்குப் பக்கத்தில் 8. முதல் வரிசையைப் பார்த்து, கீறியவருக்குப் பகா எண்கள் தெரிந்திருந்தன என்று சிலர் சொல்வது எனக்கு அதிகப்படியாகப் படுகிறது. வகுத்தலே தெரியாமல் பகா எண் எப்படி வரும்? ஒரு பொருளுக்கு ஒரு கீறல் என்று பொருத்தியதே பெரிய கண்டுபிடிப்பு. 'மூன்று' என்ற சொல் வாயில் வருவதற்கு முன்பே கை எண்ணிவிடும்.

சரி, தமிழில் என்ன சொல்வது? ஐந்தைந்தாகப் போடும் கோடுகளைப் பாடநூல் 'நேர்க்கோட்டுக் குறிகள்' என்கிறது. தவறில்லை, ஆனால் வெட்டும் கீறலும் அதில் இல்லை. கணக்கு டேலி ஆவதற்குக் 'கணக்கு நேராகிறது', 'ஒத்துப்போகிறது' என்று நம் வீடுகளிலேயே நல்ல வழக்கு உண்டு. குச்சிக்கு நான் 'கணக்குக்கோல்' என்றே எழுதுவேன்.

கீறி எண்ணுவதற்கோ பழைய சொல்லே இருக்கிறது: இழைத்தல். "வாளற்றுப் புற்கென்ற கண்ணும் அவர்சென்ற நாளொற்றித் தேய்ந்த விரல்" என்ற குறளுக்கு உரை சொன்ன பரிமேலழகர், காதலன் பிரிந்த நாட்களைத் தலைவி சுவரில் இழைத்து, அவற்றைத் தொட்டுத் தொட்டு எண்ணியதால் விரல் தேய்ந்தது என்கிறார். அந்தச் சுவரில் அவள் இழைத்தது ஒரு நாளுக்கு ஒரு கோடு. அதை 'இழைக்குறி' என்று சொல்லலாமே.