கிரீமைக் காக்கும் பொருள் தோலைத் தாக்குவது எப்படி?

தண்ணீர் கலந்த பொருள் எதுவும் எளிதில் கெட்டுவிடும். ஷாம்பு, லோஷன், பாத்திரம் கழுவும் திரவம், சுவருக்குப் பூசும் பெயின்ட் என எல்லாவற்றிலும் பாக்டீரியாவும் பூஞ்சையும் வளராமலிருக்கப் பதப்பொருள் தேவைப்படுகிறது. கிருமி வளர்ந்த கிரீமைக் கண்ணருகே தடவுவது ஆபத்து என்பதால், பதப்பொருளே கூடாது என்று வாதிடுவதில் பயனில்லை. எந்தப் பதப்பொருள், எவ்வளவு, தோலில் எவ்வளவு நேரம் தங்குகிறது என்பவற்றையே பார்க்க வேண்டும். மெத்தில் ஐசோதையசோலினோன் என்னும் பதப்பொருள் விஷயத்தில் ஐரோப்பா இதை மிகத் தாமதமாகத்தான் பார்த்தது.

இப்பொருள் முதலில், குளோரின் கொண்ட இதன் நெருங்கிய இனப்பொருள் மூன்று பங்குக்கு இது ஒரு பங்கு என்ற கலவையாக அழகுசாதனங்களில் சேர்க்கப்பட்டது. பலருக்கு ஒவ்வாமை தோன்றவே, அக்கலவையின் அளவு பத்து லட்சத்தில் 15 பங்காகக் கட்டுப்படுத்தப்பட்டது. இரண்டில் குளோரின் உள்ளதே ஒவ்வாமை தருவதில் கூடுதல் வீரியமானது என்பதால், மெத்தில் ஐசோதையசோலினோனை மட்டும் தனியே பயன்படுத்த 2005இல் அனுமதி கிடைத்தது. ஆனால் கிருமியைக் கொல்வதிலும் அது வீரியம் குறைந்ததாகையால், பத்து லட்சத்தில் 100 பங்கு வரை சேர்க்க இடமளிக்கப்பட்டது. பழைய கலவையின் வழியே பத்து லட்சத்தில் நான்கு பங்குக்கும் குறைவாக இருந்த பொருள், இவ்வாறு இருபத்தைந்து மடங்குக்கு மேல் தோலைத் தொடத் தொடங்கியது.

இம்மூலக்கூறு மிகச் சிறியது. தனித்து இருக்கும்போது நோய் எதிர்ப்பு மண்டலத்தின் கண்ணில் படாது. ஆனால் இதிலுள்ள கந்தக–நைட்ரஜன் பிணைப்பு, புரதங்களில் உள்ள சிஸ்டைன் என்னும் அமினோ அமிலத்தோடு விரைந்து வினைபுரிகிறது. பாக்டீரியாவின் நொதிகளை முடக்கிக் கொல்வதும் இதே வினைதான். தோலின் புரதத்தோடு இது பிணையும்போது, நம் சொந்தப் புரதமே அந்நியப் பொருளாகத் தோற்றமளிக்கிறது. தோலில் காவலிருக்கும் லாங்கர்ஹான்ஸ் போன்ற செல்கள் அதை நிணநீர்க் கணுவுக்குக் கொண்டுசெல்ல, அங்கே அதை அடையாளம் காணும் டி செல்கள் என்னும் வெள்ளணுக்கள் பெருகுகின்றன. இதற்கு ஏறத்தாழ இரண்டு வாரங்கள் ஆகும். அதுவரை தோலில் பெரும்பாலும் ஒன்றும் தெரியாது.

அதன்பின் அப்பொருள் மீண்டும் பட்டால், ஓரிரு நாளில் அவ்விடம் சிவந்து, அரித்து, சிறு கொப்புளங்கள் எழுகின்றன. இந்தத் தாமதத்தால்தான், பல ஆண்டுகளாகப் பயன்படுத்தும் லோஷனை யாரும் சந்தேகிப்பதில்லை. ஈரத் துடைப்புத்தாள்களால் குழந்தையைத் துடைக்கும் தாயின் விரல்களிலும், துடைக்கப்பட்ட குழந்தையின் வாயைச் சுற்றியும் பிட்டத்திலும் தோன்றிய அழற்சி, சாதாரணக் கரப்பான் என்று பலமுறை தவறாகக் கருதப்பட்டது.

அமெரிக்கத் தொடு தோலழற்சிச் சங்கம் 2013இல் இதை அவ்வாண்டின் ஒவ்வாமைப் பொருளாக அறிவித்தது. ஐரோப்பிய ஒன்றியமோ, தடவிவிட்டுக் கழுவாத பொருள்களில் இதை 2017இல்தான் தடை செய்தது. கழுவிவிடும் பொருள்களுக்கான வரம்பு 2018இல் 15 பங்காகக் குறைந்தது. ஒரு பொருளின் அளவை இத்தனை மடங்கு உயர்த்திய பிறகு இத்தனை ஆண்டுகள் காத்திருந்தது பெரும் பிழை என்றே நான் கருதுகிறேன். இதற்கிடையே மக்கள் அஞ்சி ஒதுக்கிய பாராபென்கள் என்னும் வேறு வகைப் பதப்பொருள்களோ மிக அரிதாகவே ஒவ்வாமை தருபவை. அதே சங்கம் 2019இல் அவற்றை ஒவ்வாமை தராத பொருள் என்று குறிப்பிட்டுச் சிறப்பித்தது.

அழகுசாதனச் சட்டம் பெயின்டுக்கும் பாத்திரம் கழுவும் திரவத்துக்கும் பொருந்தாது. புதிதாகப் பெயின்ட் அடித்த சுவரிலிருந்து இப்பொருள் வாரக்கணக்கில் காற்றில் கலப்பதால், எதையும் தொடாதவருக்கும் முகமும் இமைகளும் வீங்கக்கூடும்.

காரணத்தை உறுதிசெய்ய ஒட்டுச் சோதனை உண்டு. நீர்த்த கரைசலை முதுகில் ஒட்டி, 48 மணி நேரம் கழித்து எடுத்து, மேலும் சில நாள் கழித்தும் தோலைப் பார்ப்பார்கள். பழைய கலவையைக் கொண்டு மட்டும் சோதித்தால் பலருடைய ஒவ்வாமை தெரியாமல் போகும் என்பதால், மெத்தில் ஐசோதையசோலினோனைத் தனியாகவும் சோதிக்கச் சொல்லிக் கேட்பது நல்லது.